மலைநாட்டில் ஒரு பகற் பயணம்

இலங்கைத் தீவின் நடுவே உயர்ந்து நிற்கும் மலைநாட்டைக் காண வருவோருள் பலருக்குக் கிடைப்பது ஒரே ஒரு பகற்பொழுதுதான். காலையில் நுவரெலியாவிலிருந்து புறப்பட்டு, ஹட்டன் வழியாக மஸ்கெலியா வரை சென்று, மாலையில் பனிமூட்டம் இறங்குமுன் திரும்பிவிடலாம். வழியறிந்த ஒருவர் உடன் வந்தால் பயணம் எளிதாகும். மலையின் உயரத்தையும் அருவியின் ஆழத்தையும் அவர் எண்களில் சொல்லிவிடுவார். ஆயினும் கண்முன் விரியும் காட்சி எவ்வாறு உருவாயிற்று, யாருடைய கைகளால் உருவாயிற்று என்னும் கேள்விகளுக்கு விடை கிடைத்தால்தான் அந்த ஒரு பகல் நிறைவான பகலாகும்.

நுவரெலியா கடல்மட்டத்திலிருந்து ஏறத்தாழ 1,868 மீற்றர் உயரத்தில் உள்ளது. நகரின் வடக்கே நிற்கும் பிதுருதலாகல, 2,524 மீற்றர் உயரத்துடன் தீவின் மிக உயர்ந்த சிகரமாக விளங்குகிறது. அதிகாலைக் குளிரில் நகரின் நடுவேயுள்ள கிரகரி ஏரியின் மேல் வெண்புகைபோல் மூடுபனி தவழும். இந்த ஏரியும் இயற்கையன்று. ஆளுநர் வில்லியம் கிரகரியின் காலத்தில், 1873 ஆம் ஆண்டில், வெட்டி அமைக்கப்பட்டது. இயற்கை என்று எண்ணி வியக்கும் பலவற்றின் பின்னே மனித உழைப்பு மறைந்திருப்பதை, புறப்படும் இடத்திலேயே பயணி உணரத் தொடங்கலாம்.

பயணத்துக்கு உகந்த காலம் சனவரி முதல் மார்ச்சு வரையிலான வறண்ட மாதங்களாகும். மே மாதம் முதல் தென்மேற்குப் பருவக்காற்று இம்மலைகளின் மேற்குச் சரிவுகளில் வந்து மோதும். அப்போது மழை நாட்கணக்கில் பெய்யும். தேயிலைக்கும் இக்கணக்கு உண்டு. வறண்ட மாதங்களில் வீசும் குளிர்காற்றில் கொழுந்து மெதுவாக வளர்கிறது. அதனாலேயே திம்புல, டிக்கோயாப் பகுதித் தேயிலையின் மணம் அந்த மாதங்களில் சிறந்து விளங்குகிறது.

நுவரெலியாவிலிருந்து ஹட்டனுக்குச் செல்லும் வீதி ஏறத்தாழ 45 கிலோமீற்றர் நீளமுடையது. நானுஓயாவைக் கடந்ததும் இருமருங்கும் தேயிலைதான். வாகனத்திலிருந்து காண்போருக்கு அது பச்சைக் கம்பளம் விரித்தாற்போல் தோன்றும். ஆனால் தேயிலை தன்போக்கில் விட்டால் மரமாக வளரும் இயல்புடையது. சில ஆண்டுகளுக்கு ஒருமுறை கத்தியால் கவ்வாத்து வெட்டி, இடுப்பளவு உயரத்தில் அதை நிறுத்திவைக்கின்றனர். மலைமுழுதும் ஒரே மட்டமாய்த் தோன்றும் அழகு, கத்திபிடித்த கைகளின் அழகேயாகும்.

அந்தச் சரிவுகளில் ஒரு காலத்தில் அடர்ந்த காடு இருந்தது. 1823 ஆம் ஆண்டில் கம்பளைக்கு அருகே சிங்காபிட்டியவில் ஜோர்ஜ் பேர்ட் என்பவர் கோப்பித் தோட்டம் தொடங்கினார். அதன்பின் காடுகள் அழிந்து கோப்பி பரவியது. காட்டை வெட்டவும் பாதை போடவும் தமிழ்நாட்டிலிருந்து ஆட்கள் கொண்டுவரப்பட்டனர். தலைமன்னாரை அடுத்த கரையில் இறங்கி, வன்னிக் காட்டினூடே மாத்தளை வரை அவர்கள் நடந்தே வந்தனர். வாந்திபேதியிலும் காய்ச்சலிலும் பசியிலும் வழியிலேயே மடிந்தவர் பல்லாயிரவர். 1869 ஆம் ஆண்டில் இலைத்துரு நோய் தோன்றிக் கோப்பிப் பயிரை அழிக்கத் தொடங்கியது. அதற்கு ஈராண்டுகள் முன்னரே, 1867 இல், லூல்கந்துர என்னும் தோட்டத்தில் ஜேம்ஸ் டெயிலர் 19 ஏக்கரில் தேயிலை பயிரிட்டிருந்தார். கோப்பி வீழ, தேயிலை எழுந்தது. பயிர் மாறிற்று, உழைத்த மக்கள் மாறவில்லை.

தேயிலைத் தூரில் தேங்காயும் மாசியும் கிடைக்கும் என்று ஆசைகாட்டி அழைத்து வந்தார்கள் என்பது மலையகத்தில் இன்றும் வழங்கும் பேச்சு. வந்து பார்த்தபோது கிடைத்தது கங்காணியின் கடன் கணக்கும், வரிசையாய்க் கட்டிய லயங்களும்தாம். பத்தடிக்குப் பன்னிரண்டடி அளவிலான ஒரு காம்பிராவே பல குடும்பங்களுக்குப் படுக்கையறையும் உணவறையுமாயிற்று. வீதியிலிருந்து பார்க்கும்போது தகரக்கூரையுடன் சரிவில் நீண்டு தெரியும் அந்த வரிசைகளை வழிகாட்டி சுட்டிக்காட்டாமலே கடந்துவிடக் கூடும். பயணி கேட்டறிய வேண்டும்.

காலைப் பெரட்டு முடிந்து, பெண்கள் கொழுந்தெடுக்க மலையேறும் காட்சியையும் வழியில் காணலாம். இடுப்பில் படங்கு, தலையில் மாட்டிய கயிற்றில் தொங்கும் கூடை, செங்குத்தான சரிவில் தவறாத காலடி. இரண்டு இலையும் ஒரு மொட்டுமாகக் கிள்ளியெடுக்கும் வேகம், பார்ப்பவருக்கு விளையாட்டாகத் தோன்றும். ஆனால் ஏறத்தாழ நான்கரைக் கிலோ பச்சைக் கொழுந்து சேர்ந்தால்தான் ஒரு கிலோ தேயிலைத் தூள் கிடைக்கும். குறித்த நிறை சேராவிட்டால், முழுநாள் உழைத்தவருக்கும் ‘அரைப் பெயர்’ போடும் வழக்கம் தோட்டங்களில் இருந்து வந்துள்ளது. பெயர் என்பது அங்கே நாட்சம்பளத்தைக் குறிக்கும் சொல். ஒருவருடைய பெயரில் பாதியை அழித்துவிடுவதற்கு ஒப்பான அச்சொல்லிலேயே தோட்ட வாழ்வின் வரலாறு அடங்கியிருக்கிறது. நாளொன்றுக்கு 1,000 ரூபாய் என்ற கோரிக்கை, பல ஆண்டுப் போராட்டத்தின் பின்னரே 2021 ஆம் ஆண்டில் சம்பளச் சபையின் தீர்மானமாயிற்று.

தலவாக்கலையை அணுகும்போது வீதியும் இரயில் தடமும் ஆறும் ஒன்றையொன்று பின்னிச் செல்கின்றன. தேயிலை ஆராய்ச்சி நிலையம் இவ்வூரை அடுத்த சென் கூம்ஸ் தோட்டத்தில் அமைந்துள்ளது. ஊரிலேயே, கொத்மலை ஓயாவின் குறுக்கே, மேல் கொத்மலை நீர்மின் திட்டத்தின் அணை நிற்கிறது. 150 மெகாவாற்று ஆற்றலுடைய அத்திட்டம் 2012 ஆம் ஆண்டில் நிறைவுற்றது. அணைக்குக் கீழே சில கிலோமீற்றர் தொலைவில் சென் கிளயர் நீர்வீழ்ச்சி உள்ளது. 80 மீற்றர் உயரமுடைய அகன்ற அருவி அது. ஆற்றுநீரைச் சுரங்கவழியே மின்னிலையத்துக்குத் திருப்பினால் அருவி வறண்டுவிடும் என்று அந்நாளில் பலத்த எதிர்ப்பு எழுந்தது. அதன் விளைவாக, பகலில் குறித்த நேரம் அருவிக்கு நீர் திறந்துவிட வேண்டும் என்ற நிபந்தனை ஏற்கப்பட்டது. மலையிலிருந்து தானாக வீழ்ந்த அருவி இப்போது மணிக்கணக்குப் பார்த்து வீழ்கிறது. சற்றுத் தள்ளி, 97 மீற்றர் உயரத்திலிருந்து மெல்லிய வெள்ளிக்கோடுபோல் இறங்கும் டெவோன் நீர்வீழ்ச்சி, அங்கே முன்னாளில் கோப்பி பயிரிட்ட ஓர் ஆங்கிலேயரின் பெயரைத் தாங்கி நிற்கிறது. தோட்டங்களுக்கும் அருவிகளுக்கும் துரைமாரின் பெயர்கள் நிலைத்தன. பாதை வெட்டியவரின் பெயர் எங்கும் எழுதப்படவில்லை.

அடுத்துவருவது ஹட்டன். மலைநாட்டுத் தமிழரின் வாழ்வில் இந்நகருக்குத் தனியிடம் உண்டு. 1884 ஆம் ஆண்டில் இரயில் இங்கு வந்து சேர்ந்தது. மறுஆண்டில் நானுஓயாவை எட்டியது. 44 அடிக்கு ஓரடி வீதம் ஏறும் அகன்ற தடம், ஹட்டனுக்கும் கொட்டகலைக்கும் இடையே அரைக் கிலோமீற்றருக்குச் சற்று மேற்பட்ட நீளமுள்ள சிங்கமலைச் சுரங்கத்தினூடே செல்கிறது. இப்பாதையில் ‘கோச்சி’ ஏறிப் போவதை உலகின் சிறந்த இரயில் பயணங்களுள் ஒன்றாகப் பலர் போற்றுகின்றனர்.

ஆனால் இதே நிலையத்தின் மேடையில் வேறொரு காட்சியும் நிகழ்ந்தது. 1948 ஆம் ஆண்டின் குடியுரிமைச் சட்டத்தால் தோட்டத் தமிழருள் மிகப் பெரும்பாலோர் நாடற்றவராயினர். 1964 இல் சிறிமாவோ பண்டாரநாயக்காவும் லால் பகதூர் சாஸ்திரியும் செய்த உடன்படிக்கையின்படி 5,25,000 பேர் இந்தியா செல்லவும், 3,00,000 பேர் இலங்கைக் குடிகளாகவும் தீர்மானிக்கப்பட்டது. ஒரே வீட்டில் அண்ணன் ஒரு நாட்டுக்கும் தம்பி மறு நாட்டுக்கும் உரியவராயினர். பிறந்த மண்ணை விட்டுத் தலைமன்னாருக்குப் புறப்பட்டவரை ஏற்றிச் சென்ற இரயிலுக்கு மக்கள் இட்ட பெயர் ‘ஒப்பாரிக் கோச்சி’. எஞ்சியிருந்த நாடற்றோருக்குக் குடியுரிமை வழங்கும் சட்டம் 2003 ஆம் ஆண்டில்தான் நிறைவேறியது. சன்னலோரம் அமர்ந்து மலையழகைப் படம் பிடிக்கும் பயணி, அதே சன்னலோரம் கண்ணீருடன் கையசைத்தவர்களையும் ஒரு கணம் நினைத்துக்கொள்வது நன்று.

ஹட்டன் ஒரு நீர்ப்பிரி மேட்டின் விளிம்பில் இருக்கிறது. இதுவரை கண்ட ஓடைகள் யாவும் மகாவலியில் கலந்து, திருகோணமலைக்கு அருகே கீழ்க்கடலை அடைவன. ஹட்டனைக் கடந்து டிக்கோயாப் பக்கம் இறங்கினால், அங்குப் பெய்யும் மழை களனி ஆறாகிக் கொழும்பிலே மேற்கடலைச் சேரும். ஒரே முகிலின் துளிகள் ஒரு மேட்டின் இருபுறமும் வீழ்ந்து தீவின் இரு கரைகளுக்குப் பிரிந்துபோகின்றன.

டிக்கோயாவுக்கு அப்பால் காசல்ரீ நீர்த்தேக்கம் கண்ணிற்படும். கெஹெல்கமு ஓயாவை மறித்து 1965 ஆம் ஆண்டில் அமைந்த இந்நீர்த்தேக்கத்தில், முன்பு குன்றுகளாய் இருந்த மேடுகள் சிறு தீவுகளாய்த் தலைநீட்டுகின்றன. கரையெல்லாம் தேயிலை நீருக்குள் இறங்கி நிற்பதுபோல் தோன்றும். மலையாறுகளைக் கொண்டு மின்சாரம் எடுக்கலாம் என்று 1918 ஆம் ஆண்டிலேயே எடுத்துரைத்த பொறியியலாளர் விமலசுரேந்திரவின் பெயரை இங்குள்ள மின்னிலையம் தாங்குகிறது. இங்கே பிறந்த மின்சாரம் கொழும்பை ஒளிரச் செய்தது. அணையை அடுத்த லயங்களிலோ நெடுங்காலம் மண்ணெண்ணெய் விளக்கே எரிந்தது. கரையோரத்து வோர்லி தேவாலயம் 1878 ஆம் ஆண்டைச் சேர்ந்தது. அதன் கல்லறைகளில் தோட்டத் துரைமாரின் பெயர்கள் தெளிவாய்ப் பொறிக்கப்பட்டுள்ளன. அவர்களுக்காக உழைத்து மடிந்தவருக்குத் தேயிலைத் தூரே நடுகல்லாயிற்று.

மஸ்கெலியாவில் பயணம் முடிகிறது. இங்குள்ள மவுசாகலை நீர்த்தேக்கம் 1969 இல் நிரம்பியபோது பழைய மஸ்கெலியா நகரம் நீரில் மூழ்கியது. நகரம் மேட்டுக்கு இடம்பெயர்ந்தது. கடும் வறட்சியில் நீர் வற்றும்போது பழைய வழிபாட்டிடங்களின் எச்சங்கள் வெளித்தோன்றும். முதியோர் வந்து பார்த்துச் செல்வர். நீர்ப்பரப்புக்கு அப்பால் 2,243 மீற்றர் உயரத்தில் சிவனொளிபாதமலை கூம்பி நிற்கிறது. உச்சியிலுள்ள பாதச்சுவட்டைப் பௌத்தர் புத்தருடையது என்றும், சைவர் சிவபெருமானுடையது என்றும், முஸ்லிம்களும் கிறித்தவருட் சிலரும் ஆதாமினுடையது என்றும் போற்றுகின்றனர். மார்கழிப் பௌர்ணமி முதல் வைகாசிப் பௌர்ணமி வரை யாத்திரைக் காலம். ஏறுவதற்கு ஓர் இரவு வேண்டும். பகற்பயணிக்குத் தொலைவிலிருந்து காண்பதே வாய்க்கும்.

புறப்படுமுன் சில செய்திகளை மனங்கொள்ள வேண்டும். மழைக்காலத்தில் மண் சரிவு எங்கும் நேரலாம். 2014 அக்டோபர் 29 அன்று பதுளை மாவட்டத்தின் மீரியபெத்தையில் லயங்கள் மண்ணிற் புதையுண்டன. 2025 நவம்பர் இறுதியில் டித்வா புயலின் மழை மலைநாட்டில் பல உயிர்களைக் கொண்டதுடன் இரயில் தடத்தையும் சிதைத்தது. ஆதலின் பாதை திறந்திருக்கிறதா என்று விசாரித்தே கிளம்ப வேண்டும். பயணிக்கு அது ஒருநாள் எச்சரிக்கை. லயத்தில் வாழ்வோருக்கு ஒவ்வொரு மழையிரவின் கவலை. புல்வழியில் நடப்போர் அட்டைக்கடிக்கு ஆயத்தமாயிருக்க வேண்டும். கொழுந்தெடுக்கும் பெண்களைப் படம் எடுக்க விரும்புவோர் முதலில் வணக்கம் கூறி இசைவு கேட்பது முறை. அவர்கள் வேடிக்கைப் பொருள் அல்லர். நிறை சேர்க்க வேண்டிய அவசரத்தில் இருப்பவர்கள்.

2023 ஆம் ஆண்டில், முன்னோர் வந்த இருநூறு ஆண்டுகளை நினைந்து, மலையக மக்களும் நண்பர்களும் தலைமன்னாரிலிருந்து மாத்தளை வரை நடந்து சென்றனர். அவர்களுடைய முன்னோர் கால்தேய நடந்துவந்த நாட்டை இன்றைய பயணி ஒரு பகலில் வாகனத்தில் சுற்றி வந்துவிடுகிறார். மாலையில் நுவரெலியா திரும்பி, குளிருக்கு இதமாக ஒரு கோப்பைத் தேநீரைக் கையில் ஏந்தும்போது, அன்று கண்ட சரிவுகளும் கூடைகளும் லயங்களும் அவர் நினைவுக்கு வருமாயின், வழிகாட்டி தம் கடமையைச் செவ்வனே செய்தார் என்று கொள்ளலாம்.