ஒளியைப் படித்தவர்கள் – 9: வத்திராயிருப்பு கிருஷ்ணனும் அண்ணாமலை நகர்க் கணக்குகளும்

1921இல் நார்குண்டா கப்பலில் திரும்பிவந்த ராமன், கடலின் நீலம் வானத்தின் பிரதிபலிப்பு மட்டும் அல்ல, நீர் மூலக்கூறுகள் ஒளியைச் சிதறடிப்பதற்கும் அதில் பங்குண்டு என்று காட்டியதைச் சென்ற வாரம் பார்த்தோம். மூலக்கூறுகள் ஒளியை எப்படிச் சிதறடிக்கின்றன என்ற கேள்வியைக் கையில் எடுத்துக் கல்கத்தா ஆய்வகத்தில் இராப்பகலாக உழைத்தவர் நம் ஊர்க்காரர், கே.எஸ். கிருஷ்ணன்.

ஸ்ரீவில்லிபுத்தூர் பக்கத்து வத்திராயிருப்பில் 1898 டிசம்பர் 4இல் பிறந்தவர். மதுரை அமெரிக்கன் கல்லூரி, சென்னை கிறித்தவக் கல்லூரி ஆகியவற்றில் படித்தார். கிறித்தவக் கல்லூரியிலேயே வேதியியல் செய்முறை விளக்குநராக வேலை பார்த்தபோது, மதிய இடைவேளையில் மாணவர்கள் எந்தச் சந்தேகத்தோடும் வந்து அவரைச் சுற்றி உட்கார்ந்துகொள்வார்களாம். 1923இல் ராமனின் ஆய்வகத்தில் சேர்ந்தார்.

1928 பிப்ரவரி 5 முதல் அவர் எழுதிய நாட்குறிப்பு அந்த நாட்களின் வேகத்தை நமக்குக் காட்டுகிறது. கருவிகள் எளியவை. 18 செ.மீ. தொலைநோக்கிக் கண்ணாடி ஒன்று சூரிய ஒளியைக் குவித்தது. நீல-ஊதா வடிகட்டி வழியாக அந்த ஒளி தூய்மைப்படுத்திய திரவத்துக்குள் போயிற்று. பக்கவாட்டில் இன்னொரு வடிகட்டி. அது நீல-ஊதாவை அறவே தடுத்துவிடும். ஆகவே அங்கே இருட்டுதான் தெரிய வேண்டும். ஆனால் மங்கலாக ஓர் ஒளித்தடம் தெரிந்தது. உள்ளே போகாத நிறம் வெளியே வந்திருந்தது. ஏறத்தாழ 60 திரவங்களில் இதையே கண்டார்கள். ராமனும் கிருஷ்ணனும் பிப்ரவரி 16இல் எழுதியனுப்பிய குறிப்பு மார்ச் 31 ‘நேச்சர்’ இதழில் வந்தது. 1930இல் நோபல் பரிசு ராமனுக்குக் கிடைத்தது. பாடப்புத்தகத்தில் இந்த நிறமாற்றத்தை ராமன் விளைவு என்று படிக்கும் பிள்ளைகளுக்குக் கிருஷ்ணனின் பெயரையும் சேர்த்துச் சொல்வது ஆசிரியர்களின் கடமை.

நிறம் ஏன் மாறுகிறது? மூலக்கூறில் அணுக்கள் சுருள்வில்லால் கட்டிய குண்டுகளைப் போல ஓயாமல் அதிர்கின்றன. மோதும் ஒளி அந்த அதிர்வுக்குச் சிறிது ஆற்றலைக் கொடுத்துவிட்டு வந்தால் சிவப்புப் பக்கம் நகரும். வாங்கிக்கொண்டு வந்தால் ஊதாப் பக்கம் நகரும். எந்த நிற ஒளியைச் செலுத்தினாலும் இந்த நகர்வின் அளவு மாறாது. அது அந்த மூலக்கூறுக்கே உரியது. பென்சீன் என்றால் சென்டிமீட்டருக்கு 992 என்ற இடத்தில் வலுவான கோடு நிற்கும்.

கிருஷ்ணன் 1928 இறுதியில் டாக்கா சென்று படிகங்களின் காந்தப் பண்புகளில் இறங்கினார். 1940இல் ராயல் சொசைட்டி உறுப்பினர். 1947இல் தேசிய இயற்பியல் ஆய்வகத்தின் முதல் இயக்குநர். 1961இல் மறைந்தார். ஒளிச்சிதறலில் அவர் விட்ட இழையைப் பலர் பற்றிக்கொண்டார்கள். அவர்களில் சிலர் சிதம்பரத்தில் இருந்தார்கள்.

1929இல் தொடங்கிய அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தின் இயற்பியல் துறையிலிருந்து 1950களில் கே. வெங்கடேசுவரலு, எஸ். சுந்தரம் ஆகியோர் வெளியிட்ட கட்டுரைகள் அமெரிக்க ஆய்விதழ்களில் வந்தன. ராமன் கோடுகளையும் அகச்சிவப்புக் கோடுகளையும் கொண்டு மூலக்கூறின் ‘விசை மாறிலி’களைக் கணக்கிடுவது அவர்கள் வேலை. பிணைப்பு எவ்வளவு இறுக்கம் என்பதை அந்த எண்கள் சொல்லும். மேசைக்கணினி இல்லாத காலத்தில் பக்கம் பக்கமாக அணிக்கோவைகளைத் தீர்த்து வந்த விடைகள் அவை. பெரிய கருவியைவிடத் தளராத பொறுமையே அந்தத் துறைக்கு முதல் மூலதனமாக இருந்தது.

தேவனாம்பட்டினம் கடற்கரையோரம் உள்ள பெரியார் அரசு கலைக் கல்லூரியில் இயற்பியல் படிக்கும் மாணவருக்கும் இந்த ஆய்வின் வாசல் திறந்தே இருக்கிறது. நம் மாநிலத்தில் எஃப்.டி.ஐ.ஆர். (ஃபூரியர் உருமாற்ற அகச்சிவப்பு), எஃப்.டி. ராமன் நிறமாலைகளை வைத்து எழுதப்படும் ஆய்வேடுகள் ஏராளம். மென்பொருள் சில மணி நேரத்தில் எல்லா அதிர்வெண்களையும் கொடுத்துவிடுகிறது. அட்டவணை நிரம்புகிறது, புரிதல் எப்போதும் கூடவே வருவதில்லை.

ஆகவே ஒரு வேண்டுகோள். ஆய்வில் இறங்குமுன், நீரின் அதிர்வுகளை ஒருமுறையேனும் தாளில் போட்டுப் பாருங்கள். மூன்று அணுக்கள், 3657, 1595, 3756 என மூன்று அதிர்வெண்கள். ஆனால் கண்டுபிடிக்க வேண்டிய விசை மாறிலிகளோ நான்கு. தெரிந்தவை மூன்று, தெரியாதவை நான்கு என்றால் எப்படித் தீர்ப்பது? ஹைட்ரஜனுக்குப் பதில் டியூட்டீரியம் இருக்கும் கனநீரை எடுத்தால் நிறை மாறும், பிணைப்பு மாறாது. கூடுதல் அதிர்வெண்கள் கிடைக்கும். இந்த இடைவெளியைக் கையால் தொட்டவருக்குத்தான், கணினி தரும் எண்ணில் எதை நம்புவது, எதைச் சந்தேகிப்பது என்று தெரியும்.

அடுத்த வாரம்: 1960களில் லேசர் வந்து ராமன் நிறமாலையியலுக்கு மறுவாழ்வு கொடுத்த கதை.

(தொடரும்)