ஓநாய்க்கு அஞ்சாத பன்றிக்குட்டிகள்: 8 நிமிட கார்ட்டூன் அமெரிக்காவுக்குத் தெம்பு கொடுத்தது எப்படி?

1933 மார்ச். அமெரிக்காவில் நாலு தொழிலாளர்களில் ஒருவருக்கு வேலை இல்லை. போட்ட பணத்தை எடுக்க மக்கள் வங்கிகளை முற்றுகையிட, புதிதாகப் பதவியேற்ற அதிபர் ரூஸ்வெல்ட், நாடு முழுக்க வங்கிகளையே சில நாட்கள் மூடச் சொல்லிவிட்டார்.

அடுத்த 2 மாதங்களில், மே 27 அன்று வெளியானது வால்ட் டிஸ்னியின் ‘த்ரீ லிட்டில் பிக்ஸ்’. மெயின் படத்துக்கு முன்னால் ஓட்டுகிற குட்டிப் படம்தான். ஆனால், அதற்காகவே கூட்டம் வந்தது!

கதையில் என்ன மாற்றினார்கள்?

வைக்கோல், குச்சி, செங்கல் என மூன்று வீடுகள். ஊதித் தள்ளும் ஓநாய். நமக்கும் தெரிந்த கதைதான். ஜோசப் ஜேக்கப்ஸ் 1890-ல் தொகுத்த நூலில் முதல் இரண்டு பன்றிகளையும் ஓநாய் தின்றுவிடும். மூன்றாவது பன்றி ஓநாயையே வேகவைத்துச் சாப்பிட்டுவிடும். டிஸ்னி படத்தில் யாரும் சாவதில்லை. வீடு போனவர்கள் அண்ணன் வீட்டுக்கு ஓடுகிறார்கள்; அவனும் கதவைத் திறந்து சேர்த்துக்கொள்கிறான். வீட்டையே இழந்து நின்ற மக்களுக்கு இது எப்படி இருந்திருக்கும்?

பாட்டு ஏன் ஹிட்?

ஃபிராங்க் சர்ச்சில் இசையமைத்த, ஓநாயைக் கேலி செய்யும் பாட்டு நாடெங்கும் முணுமுணுக்கப்பட்டது. ஆங்கிலத்தில் வாசலில் ஓநாய் நிற்கிறது என்றால், வீட்டில் பட்டினி என்று அர்த்தம். அந்தப் பட்டினியைப் பார்த்துத்தான் ஜனங்கள் பாடினார்கள். படத்துக்கு ஆஸ்கரும் கிடைத்தது.

ஒரு கறை

செங்கல் வீட்டுக் கதவைத் தட்டும்போது, ஓநாய் போட்டுவந்த வேஷம் யூத வியாபாரி. நீண்ட போலி மூக்கு, தாடி, கேலியான உச்சரிப்பு. ஜெர்மனியில் ஹிட்லர் ஆட்சியைப் பிடித்ததும் அதே 1933-ல்தான். பிற்பாடு டிஸ்னி நிறுவனம் அந்தக் காட்சியைத் திருத்தியது.

1941-ல் கனடாவின் போர்க்கால சேமிப்புப் பத்திரங்களுக்காக, பழைய காட்சிகளை வைத்தே ‘தி த்ரிஃப்டி பிக்’ என்ற பிரசாரப் படம் தயாரானது. செங்கற்களுக்குப் பதில் சேமிப்புப் பத்திரங்கள். ஓநாய்? எட்டு வருஷம் முன்பு யூத வேஷம் கட்டிய அதே ஓநாய், இப்போது கையில் நாஜிப் பட்டை கட்டி வந்தது.