ரோசி நடித்த ஒரே படம்

திருவனந்தபுரம் கேப்பிட்டல் கொட்டகையில் 'விகதகுமாரன்' முதன்முதலாகக் காட்டப்பட்ட அன்று, அதன் கதாநாயகிக்கு உள்ளே இடமில்லை. புலையர் சமூகத்துப் பெண்ணோடு ஒரே கூரையின்கீழ் உட்கார ஊர்ப் பெரிய மனிதர்கள் சம்மதிக்கவில்லை. திரையிலோ பி.கே.ரோசி, சரோஜினி என்ற நாயர் பெண். அவள் கூந்தலில் இருந்த பூவை எடுத்து நாயகன் முத்தமிடும் காட்சி வந்ததும் கூட்டம் கொதித்துப்போய்த் திரையின்மேல் கல்லெறிந்தது. பிறகு ரோசியின் குடிசையும் எரிந்தது. கிடைத்த லாரியில் ஏறி ரோசி நாகர்கோவில் பக்கம் போய்ச் சேர்ந்தார். லாரி ஓட்டுநர் கேசவ பிள்ளையை மணந்து ராஜம்மாளாக வாழ்ந்தார். அத்தோடு சினிமா முடிந்தது.

மலையாளத்தின் முதல் கதாநாயகி இவர். படம் மௌனப்படம். எடுத்தவர் அகஸ்தீஸ்வரத்துக்காரரான ஜே.சி.டேனியல், நாயகனும் அவரே. பம்பாயிலிருந்து வந்த நடிகை சரிப்படாமல் போகவே ரோசியைத் தேடி வந்தார்கள். ஏதோ கூலிவேலைக்குப் போன பெண்ணைக் கேமரா முன் நிறுத்தியதுபோல இதைச் சொல்கிறவர்கள் உண்டு. அது அநியாயம். புல்லறுத்துப் பிழைத்தது உண்மைதான். ஆனால் காக்காரிசி நாடகத்தில் தேறியவர் அவர். சிவனும் பார்வதியும் குறவர் வேடத்தில் வரும், தமிழும் மலையாளமும் கலந்து பேசும், ஆட்டமும் பாட்டும் நிறைந்த கூத்து அது. ஆண்களே பெண்வேடம் கட்டிய அந்த மேடையில் ஒரு பெண் ஏறி நின்றதே பெரிய துணிச்சல். படப்பிடிப்புக்கு மதியச் சோற்றைக் கையோடு கொண்டுவந்து, வேலை முடிந்ததும் வீடு திரும்பிவிடுவார் என்று மலையாள சினிமா வரலாறு எழுதியவர்கள் சொல்கிறார்கள்.

டேனியலும் நொடித்துப்போனார், 1975-இல் இறந்தார். ஆனாலும் 1992-இல் கேரள அரசு தன் உயரிய சினிமா விருதுக்கு அவர் பெயரை வைத்தது. ரோசிக்கு இன்னும் காத்திருக்க வேண்டியிருந்தது. 2013-இல் மலையாள இயக்குநர் கமல் இயக்கிய 'செல்லுலாய்டு' படத்தில்தான் பெரும்பாலோர் அவர் கதையை அறிந்தார்கள். 2019-இல் மலையாளத் திரைப் பெண்கள் கூட்டமைப்பு அவர் பெயரில் ஒரு திரைப்படச் சங்கம் தொடங்கியது. 2023 பிப்ரவரி 10 அன்று கூகுள் தன் முகப்பில் அவர் படத்தை வரைந்தது. சென்னையில் பா.இரஞ்சித்தின் நீலம் பண்பாட்டு மையம் அவர் பெயரில் திரைப்பட விழாவே நடத்துகிறது.

இத்தனை மரியாதையும் அவருக்கு உரியது. நான் மனமாரக் கொண்டாடுகிறேன். என் ஆற்றாமை வேறு. 'விகதகுமாரன்' படச்சுருள் இன்று இல்லை. கல்லெறி நமக்குத் தெரிகிறது, தீ தெரிகிறது. அந்தக் கலைஞரின் நடிப்பு மட்டும் கிடைக்கவில்லை. இன்னொன்றும் உறுத்துகிறது: தலித் பெண் ஒருவர் கதாநாயகியாவது மலையாள சினிமாவில் இன்றைக்கும் அபூர்வம்தான்.