நம்பி நின்ற ஒருவர்

தாமல் வழியாகச் செல்லும் நெடுஞ்சாலையில் ஒரு பக்கம் சென்றால் காஞ்சி. மறுபக்கம் சென்றால் வேலூர். இவ்விரண்டு ஊர்களும் சேர்ந்து ஒரு கலைஞனைத் திரையுலகுக்கு ஈந்த கதையைத் தோழர்கள் அறிந்திட வேண்டும்.

காஞ்சி தந்த அண்ணா எழுதினார், 'சிவாஜி கண்ட இந்து சாம்ராஜ்யம்'. மராட்டிய வீரனாக மேடையேறினார், நாடகக் கம்பெனியில் வளர்ந்த வி.சி. கணேசன். கண்டு களித்த பெரியார், 'சிவாஜி' என்றே அவரை அழைத்தார். பெயர் கிடைத்தது, படம் கிடைத்ததா? உடனே இல்லை!

வேலூர் பி.ஏ. பெருமாள் 'பராசக்தி'க்கு அவரை அழைத்தார். வசனம் தீட்டினார் கலைஞர். படப்பிடிப்பு தொடங்கியதும் எழுந்தது எதிர்ப்பு: ஒல்லி உடல், உதவாது, ஆளை மாற்றுங்கள் என்று! பெருமாள் மசியவில்லை. 1952 அக்டோபர் 17 தீபாவளியன்று படம் வெளிவந்தது. எள்ளியோர் வாயடைத்துப் போயினர்.

பின்னர் கணேசன் வேறு கொடி பிடித்தார். அது வேறு பேச்சு. ஆனால் பொங்கல்தோறும் வேலூர் சென்று பெருமாளை வணங்க அவர் மறக்கவில்லை.

திறமை குடிசையிலும் பிறக்கும். அதை நம்பி நிற்க ஒருவர் வேண்டும். தறியடியில் பாடும் பிள்ளைக்கும், சங்க விழாவில் நடிக்கும் தோழனுக்கும் அந்த ஒருவர் யார்? நாம்தான்! மன்றந்தோறும் மேடை அமைப்போம். முதல் வாய்ப்பை நாமே அளிப்போம்.