விலக்கு விதிகளின் போக்கு

1996-ம் ஆண்டில் ஆஸ்திரேலியத் தேசியப் பல்கலைக்கழகத்தில் ஆண்ட்ரூ டிரிட்ஜெல், பால் மெக்கராஸ் ஆகிய இருவர் இயற்றிய ஆர்சிங்க் என்னும் நிரல், இரண்டு கணினிகளிலுள்ள கோப்புகளை ஒப்பிட்டு, மாறிய பகுதிகளை மட்டுமே அனுப்பிச் சமப்படுத்தும் சாமர்த்தியம் வாய்ந்தது. மூலநிரலைச் சர்வருக்கு அனுப்புங்கால், கடவுச்சொற்கள் அடங்கிய கோப்பும் லாக் குப்பைகளும் உடன் செல்லாதிருக்க நிரலாளர்கள் விலக்கு விதிகளை எழுதி வைப்பார்கள். எழுதியும், விலக்கியது சென்றுவிடுகிறது, வேண்டியது நின்றுவிடுகிறது என்பது சர்வசாதாரணமான முறையீடு. பெரும்பாலும் நிரல் விதியை எழுத்துக்கு எழுத்து அனுசரித்தே நடந்திருக்கும்.

விதிகளை மேலிருந்து கீழாகப் படித்துச் செல்லும் ஆர்சிங்க், ஒரு பெயருக்கு முதலில் பொருந்தும் விதியையே தீர்ப்பாகக் கொண்டு, பின்னுள்ளவற்றை ஏறெடுத்தும் பாராது. கிட் என்னும் சாதனமோ கடைசியில் பொருந்துவதையே கொள்ளுமாதலால், அங்கே செம்மையாய் நடந்த பட்டியலை இங்கே அப்படியே கொணர்ந்தவர் திகைப்பதில் வியப்பில்லை. அன்றியும், ஒரு கோப்புறையை விலக்கியபின் அதனுள்ளிருக்கும் ஒரு கோப்பை மட்டும் சேர்க்கச் சொல்வது, வாசலைப் பூட்டிவிட்டு உள்ளறைப் பெட்டியை எடுத்துவர ஆளனுப்புவது போலாகும். விலக்கிய கோப்புறைக்குள் நிரல் நுழைவதே இல்லை. கோப்புறையை விட்டுவிட்டு, அதனுள் உள்ளவற்றை மட்டும் நட்சத்திரக் குறியால் விலக்கி, அவ்விதிக்கு மேலே வேண்டிய கோப்பின் பெயரைச் சேர்ப்பதே உபாயம்.

ஆயினும் அதிகக் குழப்பம் விளைவிப்பது சாய்கோடுதான். விதியின் தலையில் நிற்கும் சாய்கோடு கணினியின் மூலக் கோப்புறையைக் குறிப்பதன்று. அனுப்பப்படும் தொகுதியின் உச்சியைக் குறிப்பது. ஆகவே, கணினியின் முழுப் பாதையையும் எழுதிய விதி எதற்கும் பொருந்தாமல் சும்மா கிடக்கும். அந்த உச்சியும் நிலையானதன்று: கட்டளையில் அனுப்ப வேண்டிய கோப்புறையின் பெயருக்குப் பின் சாய்கோடு இட்டால் அதன் உள்ளடக்கம் மட்டும் செல்லும், இடாவிடில் அக்கோப்புறையே செல்லும் என்பதால், பின்னதில் விதியும் அப்பெயரிலிருந்தே தொடங்க வேண்டும். தலைச் சாய்கோட்டை அறவே விட்டாலோ விதி எந்த ஆழத்திலும் பாயும். 'லாக்ஸ்' என்று மட்டும் எழுதியவர், குப்பையோடு அதே பெயருடைய மூலநிரல் கோப்புறையையும் இழந்து, தளம் ஓடாத மர்மத்தை வேறெங்கோ தேடிக்கொண்டிருப்பார்.

இவற்றை ஊகத்தால் தீர்க்க முயல்வது வீண் சிரமம். எதையும் அனுப்பாது ஒத்திகை மட்டும் பார்க்கும் 'ட்ரை ரன்' விருப்பத்தோடு, விவரம் கூறும் 'வி' குறியை இரட்டித்து ஓடவிட்டால், எந்தக் கோப்பு எந்த விதியினால் மறைக்கப்பட்டது என்று நிரலே வரிவரியாய் உரைத்துவிடும்.

பிந்தி எழுதிய விலக்கு, முந்திச் சென்ற கோப்பைத் திரும்ப அழைக்காது. 'டெலீட்' விருப்பம் இருந்தாலும், விலக்கப்பட்டவை சர்வரில் அழியாமல் காக்கப்படும். 'டெலீட் எக்ஸ்க்ளூடட்' அவற்றையும் துடைத்துவிடுமாயினும், பயனர்கள் ஏற்றிய படங்களும் அதே விலக்குப் பட்டியலில் இருந்தால் அவையும் கூடவே போகும்; ஆகையால் கடவுச்சொற் கோப்பைக் கையாலேயே நீக்கி, கடவுச்சொற்களையும் மாற்றிவிடுவது உசிதம்.