சான் பிரான்சிஸ்கோ: கோடையில் ஸ்வெட்டர் கேட்கும் ஊர்

கலிபோர்னியா என்றாலே வெயில் என்ற நினைப்பில், ஜூலை மாதம் மெல்லிய பருத்திச் சட்டையோடு சான் பிரான்சிஸ்கோவில் வந்து இறங்குபவர்கள் ஏராளம். கோல்டன் கேட் பாலத்தில் பத்து நிமிடம் நின்றால் பல் கிட்டிக்கொள்ளும். அங்கிருந்து நேராக ஃபிஷர்மேன்ஸ் வார்ஃப் கடைத்தெருவுக்குப் போய், ஊர்ப் பெயர் அச்சிட்ட ஸ்வெட்டரைச் சொன்ன விலைக்கு வாங்கிப் போட்டுக்கொள்வார்கள்.

மூன்று பக்கமும் நீர், நடுவே நாற்பதுக்கும் மேற்பட்ட குன்றுகள், மொத்தப் பரப்பே சுமார் 120 சதுர கிலோமீட்டர். எட்டு லட்சம் பேர் வாழும் இந்தச் சிறிய நகரத்தில் எதை உடுத்துவது, எந்த நேரத்தில் எங்கே போவது, எதில் ஏறுவது என்பதையெல்லாம் கடலும் மேடும்தான் முடிவு செய்கின்றன. அந்த இரண்டையும் புரிந்துகொண்டு திட்டமிட்டால் பணமும் மிஞ்சும், அலைச்சலும் குறையும்.

ஜூலையில் ஏன் குளிர்?

கலிபோர்னியக் கரையை ஒட்டிய பசிபிக் கடல் கோடையிலும் சில்லென்றுதான் இருக்கும். காற்று மேற்பரப்பு நீரைக் கரையிலிருந்து அப்பால் தள்ளிவிடுவதால், ஆழத்திலுள்ள குளிர்நீர் மேலே வருகிறது. அதன் மேல் தவழும் ஈரக்காற்று குளிர்ந்து பனிமூட்டமாகத் திரள்கிறது. அதே வேளையில் உள்நாட்டுச் சமவெளி வெயிலில் காய்ந்து, சூடான காற்று மேலெழுகிறது. அந்தத் தாழ்வழுத்தத்தை நோக்கிக் கடற்காற்று பாய்கிறது. கரையோர மலைகளுக்கு நடுவே அதற்குக் கிடைக்கும் பெரிய வாசல் கோல்டன் கேட் நீரிணை. உள்நாட்டில் வெயில் ஏற ஏற, நகரத்துக்குள் பனி புகுவது இதனால்தான்.

சன்னிவேல், சான் ஹோசே பக்கம் பிள்ளைகள் வீட்டில் தங்கியிருக்கும் நம் ஊர்ப் பெற்றோர் இதைக் கவனிக்க வேண்டும். வீட்டு வாசலில் 30 டிகிரி வெயில் அடிக்கும்போது, அறுபது எழுபது கிலோமீட்டர் வடக்கே பாலத்தருகே 15 டிகிரிதான் இருக்கும். ஒரே கனத்த கோட்டைவிட, கழற்றவும் போடவும் தோதாக இரண்டு மூன்று அடுக்கு உடை நல்லது. நகரத்துக்குள்ளேயே வானிலை மாறும். கடலோரத்து சன்செட், ரிச்மண்ட் பகுதிகள் மூட்டமாக இருக்கையில், குன்றுகளின் மறைவில் கிழக்கே இருக்கும் மிஷன் பகுதியில் வெயில் அடிக்கும். பனி பெரும்பாலும் நண்பகலையொட்டி விலகி, மாலையில் திரும்பும். மாதத்தைத் தேர்ந்தெடுக்க முடிந்தால் செப்டம்பர், அக்டோபர்தான் கதகதப்பான காலம்.

மேற்குக் கரையில் நீண்டு கிடக்கும் ஓஷன் பீச் நடப்பதற்கு மட்டுமே. நீர் குளிரில் உடல் விறைக்கும். கரையிலிருந்து கடலுக்குள் இழுக்கும் நீரோட்டமும் பலமானது. முழங்கால் ஆழத்தில் நிற்பதுகூட ஆபத்து.

வரைபடத்தில் இல்லாத மேடு

விமான நிலையத்திலிருந்து நகர மையத்துக்கு பார்ட் ரயிலில் அரை மணி நேரம். 1972-இல் தொடங்கிய இந்த ரயில் விமான நிலையத்துக்குள்ளிருந்தே கிளம்புகிறது. தெற்கே சான் ஹோசே, சன்னிவேல் பக்கமிருந்து வருபவர்களுக்கு கால்ட்ரெயின் இருக்கிறது. 2024-இல் இது மின்சார ரயிலாக மாறியது. நகரத்துக்குள் பேருந்து, டிராம் எல்லாம் மியூனி நிறுவனத்தினுடையவை. இவை அனைத்துக்கும் கிளிப்பர் என்ற ஒரே அட்டை போதும்; கைபேசியிலும் வைத்துக்கொள்ளலாம். மியூனியில் ஒருமுறை கட்டணம் கட்டினால் இரண்டு மணி நேரம் வண்டி மாறி மாறிப் போகலாம். 18 வயது வரை உள்ளவர்களுக்குக் கட்டணமே இல்லை; 65 வயதைக் கடந்தவர்களுக்குச் சலுகைக் கட்டணம். கேபிள் காருக்கு மட்டும் தனிக் கணக்கு.

வரைபடச் செயலி 'ஒரு கிலோமீட்டர், நடக்கலாம்' என்று காட்டும். இடையில் ஒரு குன்று நிற்பதை அது உரக்கச் சொல்லாது. ஃபில்பர்ட் தெருவின் ஒரு துண்டு 31.5 விழுக்காடு சரிவு கொண்டது: நூறு அடி முன்னே போவதற்குள் முப்பது அடிக்கு மேல் ஏறிவிட்டிருப்போம். முழங்கால் வலி உள்ளவர்கள் மேடு வரை பேருந்தில் போய், இறக்கத்தில் மட்டும் நடப்பதே புத்திசாலித்தனம். எட்டு வளைவுகளுக்குப் பெயர்போன லாம்பார்ட் தெருவுக்கும் இதே யோசனைதான்.

இந்த மேடுகளைச் சமாளிக்கப் பிறந்ததுதான் கேபிள் கார். குதிரைகள் வண்டியிழுக்கத் திணறிய தெருக்களில் ஆண்ட்ரூ ஹாலிடி 1873-இல் இதை ஓட்டிக் காட்டினார். வண்டியில் எஞ்சின் கிடையாது. சாலைக்கு அடியில் மணிக்குச் சுமார் 15 கிலோமீட்டர் வேகத்தில் ஓயாமல் ஓடும் எஃகு வடத்தை, ஓட்டுநர் ஒரு பிடியால் கவ்வியும் விட்டும் வண்டியை நகர்த்துகிறார். பவல் தெருவிலிருந்து கிளம்பும் இரண்டு தடங்களில் எப்போதும் நீண்ட வரிசை. மூன்றாவதான கலிபோர்னியா தெருத் தடத்தில் கூட்டம் குறைவு. வாஷிங்டன், மேசன் தெருக்கள் சந்திக்கும் இடத்தில் உள்ள கேபிள் கார் அருங்காட்சியகத்தில், வடங்களை இழுக்கும் பெரிய சக்கரங்கள் சுழல்வதைக் கட்டணமின்றிப் பார்க்கலாம்.

கார் எடுத்தால்

நகரத்துக்குள் மட்டும் சுற்றுவதானால் வாடகைக் கார் தேவையில்லை. நிறுத்த இடம் கிடைப்பது அரிது, கிடைத்தாலும் செலவு அதிகம். மேட்டுத் தெருவில் நிறுத்தினால், வண்டி தானே உருண்டாலும் நடைபாதை ஓரக்கல்லில் முட்டி நிற்கும்படி முன்சக்கரத்தைத் திருப்பிவைக்க வேண்டும்: இறக்கத்தைப் பார்த்து நிற்கும் வண்டிக்கு ஓரக்கல் பக்கம், ஏற்றத்தைப் பார்த்து நிற்பதற்கு எதிர்ப்பக்கம். மறந்தால் அபராதம். தெரு கூட்டும் நாளும் நேரமும் கம்பத்தில் எழுதியிருக்கும். அதையும் படித்துவிட்டே நகர வேண்டும்.

காரின் கண்ணாடியை உடைத்துத் திருடுவது இங்கே பழைய தலைவலி. பாஸ்போர்ட் இருக்கும் பை மட்டுமல்ல, வெறும் துணிப்பையும் சார்ஜர் வயரும்கூட இருக்கையில் கிடக்கக் கூடாது. சுற்றுலா இடத்தில் வண்டியை நிறுத்திய பிறகு டிக்கியைத் திறந்து பையை உள்ளே வைப்பதும் ஆபத்து. பார்த்துக்கொண்டிருப்பவர்களுக்கு அதுவே தகவல்.

கோல்டன் கேட் பாலத்தில் வடக்கிலிருந்து நகரத்துக்குள் வரும் வாகனங்களுக்கு மட்டுமே சுங்கம். பணம் வாங்க ஆளோ சாவடியோ இல்லை. கேமரா வண்டி எண்ணைப் படமெடுத்துக்கொள்ளும். வாடகைக் கார் என்றால் நிறுவனம் தன் சேவைக் கட்டணத்தையும் சேர்த்து வசூலிக்கும் என்பதால், அதன் விதியை முதலிலேயே கேட்டுக்கொள்ளுங்கள். 1937-இல் திறந்த இந்தப் பாலத்தை ரசிக்கக் காரே வேண்டாம். பேருந்தில் போய், கிழக்கு நடைபாதையில் பகலில் இலவசமாக நடக்கலாம்.

முன்பதிவு கட்டாயமான இரண்டு

முதலாவது அல்கட்ராஸ் தீவு. 1934 முதல் 1963 வரை கூட்டாட்சி அரசின் சிறையாக இருந்தது. பிறகு 1969 நவம்பரில் அமெரிக்கப் பூர்வகுடி மக்கள் அதைக் கைப்பற்றி 19 மாதங்கள் உரிமைப் போராட்டம் நடத்தினார்கள். அப்போது அவர்கள் எழுதிய சுவரெழுத்துகளை இன்றும் காணலாம். அங்கே இறங்க அனுமதி பெற்ற படகுகள் 33-ஆம் துறையிலிருந்து கிளம்புகின்றன. கோடையில் பல நாள்களுக்கு முன்பே சீட்டு தீர்ந்துவிடும். தீவைச் சுற்றிக்காட்டி இறக்காமலே திரும்பும் படகுகளும் உண்டு. வாங்குமுன் எது என்று பார்க்க வேண்டும். படகுத்துறையிலிருந்து சிறைக்கூடம் வரை செங்குத்தான ஏற்றம். ஏற முடியாதவர்களுக்கு மின்வண்டி இருக்கிறது. கேட்கத் தயங்க வேண்டாம்.

இரண்டாவது, பாலத்துக்கு அப்பாலுள்ள முயர் வுட்ஸ். வானுயர்ந்த ரெட்வுட் மரங்களின் இந்தக் காட்டுக்குக் காரில் போவதானால் வண்டி நிறுத்த இடத்தை இணையத்தில் முன்பதிவு செய்திருக்க வேண்டும். அங்கே கைபேசி சிக்னல் கிடைக்காது. சீட்டை முன்பே தரவிறக்கி வைத்துக்கொள்ளுங்கள்.

பில் வரும்போது

விலைச்சீட்டில் இருப்பது கடைசித் தொகை அல்ல. பொருள்களுக்கு எட்டரை விழுக்காட்டுக்குச் சற்று மேல் விற்பனை வரி. விடுதி அறைக்கு அதைவிட அதிக வரி. உணவகத்தில் டிப்ஸ் 18 முதல் 20 விழுக்காடு வரை எதிர்பார்க்கிறார்கள். ஊழியர் நலச் செலவுக்கென்று சில உணவகங்கள் தனியாக ஒரு தொகை சேர்க்கும். அது டிப்ஸில் அடங்காது. குழாய்த் தண்ணீர் யோசெமிட்டி மலைப்பகுதியிலுள்ள ஹெட்ச் ஹெட்சி நீர்த்தேக்கத்திலிருந்து வருவது, தாராளமாகக் குடிக்கலாம். போத்தல் தண்ணீர் வாங்குவது வீண்.

சைவர்களுக்கு மிஷன் பகுதியின் பீன்ஸ் புரிட்டோ கைகொடுக்கும். அந்த பீன்ஸில் பன்றிக் கொழுப்பு சேர்த்திருக்கிறார்களா என்று மட்டும் கேளுங்கள். சைனாடவுனில் காய்கறிப் பதார்த்தத்திலும் சிப்பிச் சாறு இருக்கலாம். பெற்றோரை அழைத்துப் போகிறவர்கள் பயண மருத்துவக் காப்பீடு இல்லாமல் கிளம்பக் கூடாது. ஆம்புலன்ஸ் ஏறினாலே பில் ஆயிரம் டாலரைத் தாண்டக்கூடும்.

விடுதி தேடும்போது 'யூனியன் சதுக்கம் அருகில், மலிவு' என்றிருந்தால், அது பக்கத்திலுள்ள டெண்டர்லாயின் பகுதியா என்று பாருங்கள். வீடற்றவர்களும் போதைக்கு அடிமையானவர்களும் தெருவிலேயே வாழும் பகுதி அது. பெரும்பாலோர் யாரையும் தொந்தரவு செய்வதில்லை. ஆனாலும் இரவில் குடும்பத்தோடு நடந்து திரும்ப ஏற்ற இடமல்ல.

இரண்டு நாள் போதுமா?

அவசரப்படாமல் பார்க்க இரண்டு நாள் போதும். முதல் நாள் கிழக்கு: காலையில் அல்கட்ராஸ், மதியம் 1898-இல் கட்டிய ஃபெர்ரி கட்டடத்தில் சாப்பாடு, அங்கிருந்து கலிபோர்னியா தெரு கேபிள் காரில் சைனாடவுன். இரண்டாம் நாள் மேற்கு: பனி விலகட்டும் என்று காலையை மிஷன் பகுதியில் கழித்து, நண்பகலுக்குப் பிறகு கோல்டன் கேட் பூங்கா, பாலம். ஆயிரம் ஏக்கருக்கு மேல் விரிந்த அந்தப் பூங்காவில் நுழைவுக் கட்டணம் இல்லை. பாலம் பனியில் மறைந்திருந்தால் காத்திருந்து நாளை வீணாக்க வேண்டாம். வரிசையை மாற்றிக்கொண்டு மறுபடி வரலாம். ஊர் சிறியது என்பதால் அப்படி மாற்றுவதும் எளிது.