மின்ஜுனா, இங்கே வா!



பூந்தமல்லியில் இருந்து பெங்களூரு நெடுஞ்சாலையில் மேற்கே போயிருக்கிறீர்களா? திருமழிசை, செம்பரம்பாக்கம் எல்லாம் தாண்டினால் இருங்காட்டுக்கோட்டை வரும். அங்கேதான் ஹூண்டாய் கார் தொழிற்சாலை இருக்கிறது. 1998ம் ஆண்டு அங்கிருந்து முதல் சான்ட்ரோ கார் வெளியே வந்தது. அந்தத் தொழிற்சாலையை அமைக்கவும் நடத்தவும் தென் கொரியாவில் இருந்து பொறியாளர்கள் வந்தார்கள். அவர்களைத் தொடர்ந்து உதிரி பாகம் செய்யும் கொரிய நிறுவனங்களும் வந்தன. பலர் குடும்பத்தோடு சென்னையிலும் அதன் சுற்றுப்புறங்களிலும் தங்கினார்கள். ஸ்ரீபெரும்புதூர் பக்கம் சில உணவகங்களின் பெயர்ப் பலகைகளில் வட்டமும், கட்டமும், குச்சியுமாக ஓர் எழுத்தைப் பார்க்கலாம். அது கொரிய எழுத்து.

அந்தக் குடும்பங்களில் உங்கள் வயதுப் பையன்களும் உண்டு. அப்படி ஒருவன் உங்கள் பக்கத்து வீட்டுக்குக் குடிவருகிறான் என்று வைத்துக்கொள்வோம். "உன் பெயர் என்ன?" என்று கேட்கிறீர்கள். "கிம் மின்ஜுன்" என்கிறான். உடனே, "டேய் கிம், விளையாட வாடா!" என்று கூப்பிடுவீர்கள், இல்லையா?

அங்கேதான் தப்பு! 'கிம்' என்பது அவன் பெயரே அல்ல; குடும்பப் பெயர். கொரியாவில் குடும்பப் பெயர்தான் முதலில் வரும். சொந்தப் பெயர் பின்னால் வரும். அமெரிக்காவில் இதற்கு நேர்மாறு. நம் ஊரிலோ அப்பா பெயரின் முதல் எழுத்தை இனிஷியலாக முன்னால் போடுகிறோம். ஆக, பெரியவர்களை முன்னே நிறுத்துவதில் நாமும் கொரியர்களும் ஒன்றுதான். 'கே. முருகன்' என்ற பையனை "டேய் கே!" என்று கூப்பிட்டால் எப்படி இருக்கும்? அப்படித்தான் இருக்கும் மின்ஜுனுக்கும்.

இன்னொரு தொல்லையும் உண்டு. கொரியாவில் ஐந்து பேரில் ஒருவருக்குக் குடும்பப் பெயர் கிம்! தலைநகரம் சியோலில் தெருவில் நின்று "கிம்!" என்று கத்தினால் எத்தனை பேர் திரும்பிப் பார்ப்பார்கள், யோசித்துப் பாருங்கள். 'கிம்' என்ற எழுத்துக்குப் பொருள் பொன். நம் ஊர்ப் பொன்னையா, பொன்னுசாமிக்கெல்லாம் சொந்தம் மாதிரி!

கிம்முக்கு அடுத்தபடி அதிகம் உள்ள குடும்பப் பெயர்கள் லீ, பார்க். இவற்றை ஆங்கிலத்தில் எழுதியதைப் பார்த்துத்தான் நாம் 'லீ', 'பார்க்' என்கிறோம். கொரியர் வாயால் கேட்டால், லீ என்பது வெறும் 'ஈ'; பார்க் என்பது 'பக்'. பூங்காவுக்கும் அதற்கும் ஒரு சம்பந்தமும் இல்லை! ஆங்கில எழுத்தின் வழியாக வரும்போது பெயர் இப்படி உருமாறிவிடும். நமக்கு இது புதிதா என்ன? பூவிருந்தவல்லி என்ற அழகான பெயர் பேச்சில் தேய்ந்து பூந்தமல்லி ஆனது. அதை ஆங்கிலத்தில் எழுதி, அந்த எழுத்தைப் படித்து, 'பூனமல்லி' என்பவர்கள் இன்றும் இருக்கிறார்கள்.

சரி, 'மின்ஜுன்' என்றால் என்ன பொருள்?

2000ம் ஆண்டுக்குப் பிறகு பிறந்த கொரியப் பையன்களிடம் மிகப் பரவலாக உள்ள பெயர்களில் இதுவும் ஒன்று. பெரும்பாலான கொரியப் பெயர்களைப் போல இதிலும் இரண்டு எழுத்துகள்: மின், ஜுன். ஒரே எழுத்தா 'மின்' என்று கேட்காதீர்கள். ம, இ, ன் என்ற மூன்று ஒலிகளையும் சேர்த்து ஒரே கட்டமாக எழுதுவது கொரிய முறை. நாம் 'ம்' உடன் 'இ' சேர்த்து 'மி' என்று உயிர்மெய் எழுதுகிறோம் அல்லவா? அவர்கள் அந்த 'ன்'னையும் கீழே ஒட்டிவிடுகிறார்கள்; அவ்வளவுதான். 'ஹங்குல்' எனப்படும் இந்த எழுத்தை உருவாக்கியவர் சேஜோங் என்ற அரசர். 1446ல் அதை மக்களுக்கு அறிவித்தார். அதற்கு முன் கொரியர்கள் சீன எழுத்தில்தான் எழுதி வந்தார்கள். இன்று அன்றாட எழுத்து முழுவதும் ஹங்குல்தான். ஆனால், பெயர் வைக்கும்போது மட்டும் சீன எழுத்தை இன்னும் பலர் விடவில்லை. ஏன் தெரியுமா?

சீன எழுத்து ஒவ்வொன்றுக்கும் ஒரு பொருள் உண்டு. ஒரே ஒலிக்குப் பல எழுத்துகள் இருக்கும். 'மின்' என்ற ஒலிக்கு, கூர்மையும் சுறுசுறுப்பும் என்ற பொருளில் ஓர் எழுத்து. மக்கள் என்ற பொருளில் ஓர் எழுத்து. வானம் என்ற பொருளில் இன்னோர் எழுத்து. 'ஜுன்' என்ற ஒலிக்கு, திறமைசாலி என்று ஓர் எழுத்து; உயர்ந்த மலை என்று ஓர் எழுத்து. இவற்றில் அப்பா அம்மா எதைத் தேர்ந்தெடுத்தார்களோ, அதுதான் அந்தப் பையனின் பெயருக்குப் பொருள். 'மதி' என்றால் நமக்கு நிலவும் உண்டு, அறிவும் உண்டு. வைத்தவரைக் கேட்டால்தானே எந்த மதி என்று தெரியும்? அதேபோல இரண்டு மின்ஜுன்கள் ஒரே பெஞ்சில் உட்கார்ந்திருக்கலாம். ஒருவன் சுறுசுறுப்பான திறமைசாலி, மற்றவன் வானளாவிய மலை! ஆகவே, "உன் பெயருக்கு என்ன அர்த்தம்?" என்று அவனையே கேளுங்கள். அவன் சந்தோஷமாகச் சொல்வான்.

சீன எழுத்தே வேண்டாம் என்று தூய கொரியச் சொல்லில் பெயர் வைப்பவர்களும் இருக்கிறார்கள். 'ஹானுல்' என்றால் வானம். 'பதா' என்றால் கடல்.

இனி வரும் செய்திதான் எனக்கு மிகவும் பிடித்தது. கொரியாவின் பழைய குடும்பங்களில் இரண்டு எழுத்தில் ஒன்றை மட்டும்தான் பெற்றோர் விருப்பப்படி வைக்கலாம். மற்றொன்று அந்தத் தலைமுறை முழுவதற்கும் பொது! அண்ணன் தம்பிகளுக்கு மட்டுமல்ல, சித்தப்பா பையன், பெரியப்பா பையன் எல்லோருக்கும் அதே எழுத்து. எந்தத் தலைமுறைக்கு எந்த எழுத்து என்பதைக் குடும்பத்தின் வம்சாவளிப் புத்தகத்தில் முன்னோர் முன்கூட்டியே குறித்து வைத்திருப்பார்கள்.

நம் இருங்காட்டுக்கோட்டைக்கு வந்த ஹூண்டாயையே எடுத்துக்கொள்வோம். அந்த நிறுவனத்தைத் தோற்றுவித்தவர் 1915ல் ஓர் ஏழை விவசாயக் குடும்பத்தில் பிறந்தவர். ஆங்கில எழுத்தில் பார்த்து அவர் பெயரைச் 'சுங்' என்று தொடங்குவார்கள். கொரிய உச்சரிப்பில் கிட்டத்தட்ட ஜொங் ஜூ-யொங். ஜொங் குடும்பப் பெயர். அவருடைய தம்பிகள் பெயரைக் கேளுங்கள்: இன்-யொங், சே-யொங், சாங்-யொங். எல்லாம் 'யொங்'கில் முடிகிறதா? அதற்கு 'என்றும் நிலைப்பது' என்று பொருள். ஜூ-யொங்கிற்கு எட்டு மகன்கள். எட்டுப் பேர் பெயரும் 'மொங்' என்றுதான் தொடங்கும். மொங்-கூ, மொங்-ஹொன், மொங்-ஜுன் என்று போகும். 'மொங்' என்றால் கனவு! பேரன்கள் தலைமுறையில் எழுத்து மறுபடி கடைசிக்குப் போய்விட்டது. 2020ல் ஹூண்டாய் மோட்டார் குழுமத்தின் தலைமைக்கு வந்தவர் உய்-சொன். அவருடைய சித்தப்பா மகன் கி-சொன். ஒரு தலைமுறைக்கு முன்னால், அடுத்த தலைமுறைக்குப் பின்னால். கோலத்தில் கம்பி மாறி மாறி வருவது போல வருகிறது பாருங்கள்.

இதில் ஒரு வசதி இருக்கிறது. முன்பின் பார்க்காத இரண்டு பேர் சந்தித்தால், ஒரே குலமாக இருந்தால், பெயரைக் கேட்டதும் ஒருவருக்கு ஒருவர் அண்ணன் தம்பி முறையா, சித்தப்பா முறையா என்று கண்டுபிடித்துவிடலாம். இன்றைய இளம் பெற்றோரில் பலர் இந்த வழக்கத்தை விட்டுவிட்டார்கள். பிடித்த பெயராக வைத்துக்கொள்கிறார்கள்.

ஒரு விஷயத்தில் கொரியர்கள் நமக்கு நேர் எதிர். 'பேரன்' என்ற சொல் எப்படி வந்தது? 'பெயரன்' என்பதுதான் பேரன் ஆனது. தாத்தாவின் பெயரைத் தாங்குகிறவன் பெயரன். நம் வீடுகளில் தாத்தா பெயரைப் பேரனுக்கு வைப்பது பெருமை. கொரியாவில் அது பெரிய மரியாதைக் குறைவு! முன்னோர் பெயர்களில் உள்ள எழுத்தைக்கூட, தலைமுறைப் பொது எழுத்தைத் தவிர, தவிர்ப்பார்கள். பெரியவர் பெயரைச் சின்னவர் வாயால் சொல்லக் கூடாது என்பதுதான் காரணம்.

அந்தக் காரணம் நமக்கும் தெரிந்ததுதான். மாமனார் பெயரைப் பையனுக்கு வைத்துவிட்டு, அந்தப் பெயரைச் சொல்லிக் கூப்பிட முடியாமல், "பெரியவனே", "ராஜா" என்று வேறு பெயரால் கூப்பிட்ட அம்மாக்கள் நம் ஊரில் எத்தனையோ பேர். உங்கள் பாட்டியைக் கேட்டுப் பாருங்கள், கதை கதையாகச் சொல்வார்.

இன்னோர் ஒற்றுமையும் உண்டு. அந்தக் காலத்தில் குழந்தைகள் நோயால் நிறைய இறந்து போவார்கள். அழகான பெயர் வைத்தால் கெட்ட சக்தியின் கண் படும் என்று பயந்து, கொரியத் தாய்மார்கள் குழந்தையை 'கேத்தொங்கி' என்பது போல அழைத்தார்கள். பொருள் என்ன தெரியுமா? நாய்ச் சாணம்! சிரிக்காதீர்கள். நம் ஊரில் முன்பு பிறந்த குழந்தைகள் தங்காமல் போனால், அடுத்த குழந்தையைக் குப்பையில் புரட்டி எடுத்துக் குப்புசாமி, குப்பம்மாள் என்று பெயர் வைத்தார்கள். பிச்சை என்றும் வைத்தார்கள். இந்தப் பெயர் உள்ள தாத்தாக்களைப் பார்த்துக் கேலி செய்யும் பிள்ளைகள் உண்டு. 'இந்தக் குழந்தையாவது பிழைக்க வேண்டுமே' என்ற ஒரு தாயின் கண்ணீர்தான் அந்தப் பெயர்.

சரி, மின்ஜுனை எப்படிக் கூப்பிடுவது? மிகவும் சுலபம். முருகனை "முருகா!" என்கிறோம். கண்ணனை "கண்ணா!" என்கிறோம். கொரிய மொழியிலும் மெய்யெழுத்தில் முடியும் பெயரோடு 'ஆ' சேர்த்தால் போதும். "மின்ஜுனா!" அவன் நண்பர்கள் அப்படித்தான் கூப்பிடுவார்கள். பெயர் உயிரொலியில் முடிந்தால் 'யா' சேர்க்க வேண்டும். மின்சு என்ற பையனை "மின்சுயா!" என்பார்கள். ஆனால், இது சம வயதினருக்கும் சின்னவர்களுக்கும் மட்டும். ஒரு வயது மூத்தவனாக இருந்தாலும் பெயரோடு அண்ணன் என்ற முறையும் சேர வேண்டும். பையன்கள் அண்ணனை 'ஹியொங்' என்பார்கள். பெண்கள் 'ஒப்பா' என்பார்கள். ஆசிரியரைப் பெயர் சொல்லி அழைப்பது என்ற பேச்சுக்கே இடமில்லை.

முப்பது வருஷத்துக்கு மேல் வகுப்பில் வருகைப் பதிவேடு வாசித்தவன் என்ற முறையில் ஒன்று சொல்வேன். பெயரைத் தப்பாக வாசித்துவிட்டால் எந்தப் பிள்ளையும் மனதார "உள்ளேன் ஐயா" சொல்லாது. முனகும். பெயரையே பிடுங்கிக்கொண்டால் எப்படி இருக்கும்? கொரியர்களுக்கு அது நடந்தது.

1910 முதல் 1945 வரை கொரியா ஜப்பானின் பிடியில் இருந்தது. நாம் ஆங்கிலேயரிடம் இருந்தது போல. 1936ல் பெர்லின் ஒலிம்பிக்கில் மாரத்தான் ஓட்டம். 42 கிலோமீட்டருக்கும் மேல் ஓட வேண்டும். 2 மணி 29 நிமிடம் 19 விநாடியில் ஓடி முதலாவதாக வந்தவர் சொன் கி-ஜொங் என்ற கொரிய இளைஞர். ஆனால், அவர் மார்பில் இருந்தது ஜப்பான் கொடி. பட்டியலில் இருந்த பெயர் 'சொன் கிடெய்'. அவருடைய பெயரின் அதே சீன எழுத்துகளை ஜப்பானிய முறையில் வாசித்தால் அப்படித்தான் வரும்! மூன்றாவதாக வந்த நம் சுங்-யொங்கும் கொரியர்தான். பரிசு மேடையில் ஜப்பான் கொடி ஏறியபோது இருவரும் தலையைக் குனிந்துகொண்டார்கள். வெற்றி பெற்றவருக்குத் தந்த சிறு மரக்கன்றால் கி-ஜொங் தன் மார்பில் இருந்த கொடியை மறைத்துக்கொண்டார். பெர்லினில் ரசிகர்கள் கையெழுத்துக் கேட்டபோது கொரிய எழுத்திலேயே தன் பெயரை எழுதிக் கொடுத்தார்.

கொரியாவின் 'தொங்கா இல்போ' நாளிதழ் அந்தப் படத்தை வெளியிட்டபோது மார்பில் இருந்த ஜப்பான் கொடியை அழித்துவிட்டது. விடுமா அரசாங்கம்? பத்திரிகையாளர்களைக் கைது செய்தது. பத்திரிகை பல மாதம் வெளிவர முடியவில்லை.

அதோடு முடியவில்லை. 1940ல், கொரியர்கள் ஜப்பானிய முறையில் குடும்பப் பெயரைப் பதிந்துகொள்ள வேண்டும் என்று அரசு ஆறு மாதக் கெடு விதித்தது. மனம் போல் செய்யலாம் என்று பேச்சு. ஆனால், மாற்றாதவர் வீட்டுப் பிள்ளைகள் பள்ளியில் தொல்லைப்பட்டார்கள். பத்துக் குடும்பத்தில் எட்டு, வேறு வழியின்றிப் பதிந்துகொண்டது. 1945ல் ஜப்பான் ஆட்சி முடிந்தது. அடுத்த ஆண்டே தென் கொரியாவில் சட்டப்படி பழைய பெயர்கள் திரும்பின.

கி-ஜொங்கின் தங்கம் மட்டும் ஒலிம்பிக் பட்டியலில் இன்னும் ஜப்பான் கணக்கில்தான் இருக்கிறது. 1988ல் சியோலில் ஒலிம்பிக் நடந்தபோது, தீபத்தை ஏந்தி அரங்குக்குள் ஓடி வந்தவர் அவர்தான். அப்போது அவருக்கு வயது 76. கூட்டம் எழுந்து ஆர்ப்பரித்தது. அவர் துள்ளித் துள்ளி ஓடினார்.

நான்கு ஆண்டுகள் கழித்து பார்சிலோனா ஒலிம்பிக். மாரத்தான் நடந்த நாள் ஆகஸ்ட் 9. பெர்லினில் அவர் ஓடியதும் இதே ஆகஸ்ட் 9ந் தேதிதான்! அன்று ஜப்பான் வீரரை முந்திக்கொண்டு முதலில் வந்தவர் தென் கொரியாவின் ஹ்வாங் யொங்-ஜோ. அதைப் பார்க்க முதியவர் கி-ஜொங்கும் அங்கே போயிருந்தார். இந்த முறை பட்டியலில் வீரரின் பெயரும் நாட்டின் பெயரும் கொரியப் பெயராகவே இருந்தன.